ஃப்ரிட்ஜ் தின்னும் யூனிட்: அளப்பது, வாங்குவது, குறைப்பது

வீட்டிலுள்ள மற்ற சாதனங்களுக்கெல்லாம் ஓய்வு உண்டு. மின்விசிறியை அணைக்கிறோம், டிவியை அணைக்கிறோம், துணி துவைக்கும் மெஷின் வாரத்தில் சில மணி நேரம்தான் ஓடுகிறது. ஃப்ரிட்ஜ் மட்டும் பிளக்கில் செருகிய நாளிலிருந்து ஆண்டு முழுக்க, 8,760 மணி நேரமும் விழித்தே இருக்கும். ஒரு நேரத்தில் அது இழுக்கும் கரன்ட் அப்படியொன்றும் அதிகமில்லை. நடுத்தர அளவு ஃப்ரிட்ஜில் கம்ப்ரசர் ஓடும்போது பெரும்பாலும் 100 முதல் 200 வாட்டுக்குள் இருக்கும். இன்வெர்ட்டர் வகை என்றால் அதற்கும் கீழே. இஸ்திரிப் பெட்டி இதைப்போல ஐந்தாறு மடங்கு இழுக்கும். ஆனால் அது அரை மணியில் வேலையை முடித்துவிட்டு ஆறிப்போகும்.

ஃப்ரிட்ஜில் மிச்சம் பிடிப்பது என்றதும் பலருக்கு நினைவுக்கு வருவது, "கதவைத் திறந்து திறந்து மூடாதே" என்ற அதட்டல். அதனால் மிச்சமாவது கொஞ்சம்தான்; கணக்கைப் பிறகு போட்டுக் காட்டுகிறேன். பெரிய தொகை இரண்டே இடங்களில் ஒளிந்திருக்கிறது. ஒன்று, எந்த ஃப்ரிட்ஜை வாங்குகிறோம் என்பது. இன்னொன்று, பழைய ஃப்ரிட்ஜை என்ன செய்கிறோம் என்பது. இரண்டாவதில் நானே வகையாக மாட்டிக்கொண்டவன்.

ஒரு விஷயம் புரிந்துவிட்டால் மற்றதெல்லாம் எளிது. ஃப்ரிட்ஜ் குளிரை உற்பத்தி செய்வதில்லை. உள்ளே இருக்கும் வெப்பத்தை அள்ளி வெளியே கொட்டுகிறது, அவ்வளவுதான். உள்ளே ஒரு குழாயில் கேஸ் ஆவியாகும்போது சுற்றியுள்ள சூட்டை இழுத்துக்கொள்கிறது. கம்ப்ரசர் அதை அழுத்தி, பின்பக்கமோ பக்கவாட்டிலோ உள்ள கண்டென்சர் குழாய்க்குத் தள்ளுகிறது. அங்கே சூடு அறைக்குள் போகிறது. தோராயமாக ஒரு யூனிட் கரன்ட் செலவழித்தால் இரண்டு யூனிட் வெப்பம் வெளியேறும் என்று வைத்துக்கொள்ளலாம். வெளியேற்றிய சூடு சுவர் வழியாகத் திரும்பக் கசிந்து உள்ளே வந்துகொண்டே இருக்கும். ஓட்டைப் படகில் தண்ணீர் இறைக்கிற கதைதான். இறைப்பவன் நல்ல பலசாலியாக இருக்க வேண்டும், ஓட்டையும் சின்னதாக இருக்க வேண்டும். நல்ல ஃப்ரிட்ஜ் என்பது இந்த இரண்டும் சேர்ந்தது.

முதலில், இருப்பதை அளந்து பாருங்கள்

புதிதாக இதில் இறங்குபவர்கள் செய்கிற முதல் தப்பு, ஃப்ரிட்ஜின் பின்னால் ஒட்டியிருக்கும் வாட் எண்ணை 24-ஆல் பெருக்குவது. நானும் செய்தேன். 150 வாட் என்று போட்டிருந்தது. பெருக்கினால் ஒரு நாளைக்கு 3.6 யூனிட். மூன்று நாள் தூக்கம் போனது. ஆனால் கம்ப்ரசர் நாள் முழுக்க ஓடுவதில்லை. உள்ளே போதுமான குளிர் வந்ததும் நின்றுவிடும், சூடு ஏறியதும் மறுபடி ஓடும். தவிர, பின்னால் எழுதியிருப்பது அந்தச் சாதனம் அதிகபட்சம் இழுக்கக்கூடிய அளவு. அதை வைத்து மாதக் கணக்குப் போட முடியாது.

சரியான வழி, பிளக்கில் செருகும் சிறிய வாட் மீட்டர். அதைச் சுவரில் உள்ள சாக்கெட்டில் செருகி, அதன்மேல் ஃப்ரிட்ஜின் பிளக்கைச் செருகினால் போதும். எத்தனை யூனிட் ஓடியது என்று அதுவே கூட்டிக்கொண்டு போகும். வாங்க வேண்டும் என்றில்லை, யாரிடமாவது ஒரு வாரம் இரவல் கேளுங்கள். ஒரு நாள் அளந்தால் போதாது. ஒரு நாள் வெயில், ஒரு நாள் மழை, ஒரு நாள் விருந்தாளி. ஏழு நாள் அளந்தால்தான் சராசரி கிடைக்கும்.

மீட்டர் கிடைக்காவிட்டால் இன்னொரு வழி இருக்கிறது. எல்லோரும் ஒரு நாள் வெளியே போகும்போது ஃப்ரிட்ஜைத் தவிர மற்ற அனைத்தையும் அணைத்துவிட்டு, வீட்டு மீட்டரின் எண்ணைக் கிளம்பும்போதும் திரும்பி வந்ததும் குறித்துக்கொள்ளுங்கள். ஆள் இல்லாத வீட்டில் கதவு திறக்கப்படாது என்பதால் நிஜத்தைவிடக் கொஞ்சம் குறைவாகக் காட்டும். ஆனாலும் நிலவரம் புரிந்துவிடும்.

என் பழைய ஃப்ரிட்ஜ் ஏழு நாளில் 8.4 யூனிட் எடுத்தது. ஒரு நாளைக்கு 1.2, ஆண்டுக்கு 438 யூனிட். இந்த ஓர் எண் கையில் இருந்தால்தான் அடுத்த முடிவை எடுக்க முடியும். அளக்காமல் கடைக்குப் போகாதீர்கள்.

மாற்றுவதா, வேண்டாமா

நான் மாற்ற நினைத்த புதிய ஃப்ரிட்ஜின் லேபிளில் ஆண்டுக்கு 210 யூனிட் என்று இருந்தது. 438-இல் 210 போனால் ஆண்டுக்கு 228 யூனிட் மிச்சம். பத்தாண்டு ஓடினால் 2,280 யூனிட். புதிய ஃப்ரிட்ஜின் விலையை இந்த 2,280-ஆல் வகுத்துப் பாருங்கள். வருகிற எண், நீங்கள் ஒரு யூனிட்டுக்குக் கட்டும் தொகையைவிடக் குறைவு என்றால், ஃப்ரிட்ஜ் தன் விலையைத் தானே சம்பாதித்துவிடும். பல நேரம் அப்படி வராது என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். முழு விலையையும் கரன்ட் பில்லிலிருந்து மீட்பது, பழைய ஃப்ரிட்ஜ் ரொம்பவே தீனிப்பண்டாரமாக இருந்தால் மட்டும்தான் நடக்கும்.

இதில் ஒரு நுணுக்கம். பல ஊர்களில் யூனிட் ஏற ஏற ஒரு யூனிட்டின் கட்டணமும் ஏறும் படிக்கட்டு முறை இருக்கிறது. அப்படியென்றால், நீங்கள் மிச்சம் பிடிக்கும் யூனிட் எல்லாம் உச்சிப் படியிலிருந்துதான் கழியும். ஆகவே மொத்த பில்லை மொத்த யூனிட்டால் வகுத்து வரும் சராசரியை எடுக்காதீர்கள். உங்கள் பில் எட்டியிருக்கும் கடைசிப் படியின் கட்டணத்தை எடுங்கள். அதிகம் செலவழிக்கும் வீட்டுக்கு மிச்சமும் அதிகம் என்பது இதனால்தான்.

எந்த அளவு வித்தியாசம் சாத்தியம் என்பதற்கு அமெரிக்காவின் கதையைச் சொல்வார்கள். 1970-களின் நடுவில் அங்கே விற்ற சராசரி ஃப்ரிட்ஜ் ஆண்டுக்குச் சுமார் 1,800 யூனிட் தின்றது. முதலில் கலிபோர்னியா மாநிலம் ஒரு வரம்பு விதித்தது. பிறகு நாடு முழுவதற்குமான விதி 1990-இல் வந்து, 1993, 2001, 2014 என்று இறுகிக்கொண்டே போனது. 2001-ஆம் ஆண்டு விதிக்குப் பிறகு சராசரி 500 யூனிட் அளவுக்கு இறங்கிவிட்டது. இத்தனைக்கும் பெட்டி சிறுத்துப்போகவில்லை, பெரிதாகத்தான் ஆனது. சுவருக்குள் கண்ணாடிக் கம்பளிக்குப் பதில் பாலியூரித்தேன் நுரை, நல்ல கம்ப்ரசர், பெரிய குழாய்கள், இறுக்கமான கதவு ரப்பர். மாயம் எதுவும் இல்லை, இவ்வளவுதான் செய்தார்கள்.

ஆக, உங்கள் ஃப்ரிட்ஜ் இருபது வயதைத் தாண்டியது, அளந்தால் ஒரு நாளைக்கு ஒரு யூனிட்டுக்கு மேல் காட்டுகிறது, கதவும் சரியாக மூடுவதில்லை என்றால் மாற்றுவதில் அர்த்தம் இருக்கிறது. ஏழெட்டு வயதுதான், ஒரு நாளைக்கு 0.7 அல்லது 0.8 யூனிட்தான் என்றால் விட்டுவிடுங்கள். ஆசைக்காக மாற்றுவதென்றால் மாற்றலாம். அதற்குச் சிக்கனம் என்று பெயர் வைக்க வேண்டாம். ஃப்ரிட்ஜ் கெட்டுப்போய் எப்படியும் புதிது வாங்கித்தான் ஆக வேண்டும் என்பவர்களுக்குக் கணக்கே வேறு. அதைத்தான் அடுத்து பார்க்கப் போகிறோம்.

லேபிளைப் படிப்பது

இந்தியாவில் ஒன்று முதல் ஐந்து நட்சத்திரம். ஐரோப்பிய ஒன்றியத்தில் ஏ முதல் ஜி வரை எழுத்து. அமெரிக்காவில் மஞ்சள் அட்டை. வடிவம் எதுவானாலும், எல்லாவற்றிலும் பொதுவாக ஓர் எண் இருக்கும்: ஆண்டுக்கு இத்தனை கிலோவாட் மணி என்று. ஒரு கிலோவாட் மணி என்பதுதான் நம் பில்லில் வரும் ஒரு யூனிட். கடைக்காரர் நட்சத்திரத்தைக் காட்டுவார். உங்கள் கண் இந்த எண்ணைத் தேடட்டும்.

ஏனென்றால் நட்சத்திரமும் எழுத்தும் ஒரே வகை, ஒரே அளவுக்குள் கொடுக்கப்படும் வரிசை. ஒன்பதாம் வகுப்பில் முதல் மாணவனையும் மூன்றாம் வகுப்பில் முதல் மாணவனையும் ஒப்பிட முடியாது, இல்லையா? 500 லிட்டர் ஃப்ரிட்ஜ் ஒன்று ஐந்து நட்சத்திரம் வாங்கியிருந்தாலும், 200 லிட்டர் மூன்று நட்சத்திர ஃப்ரிட்ஜைவிட அதிக யூனிட் எடுக்கலாம். பில்லில் நட்சத்திரம் வராது, யூனிட்தான் வரும்.

இன்னொன்று, லேபிளுக்கும் வயது உண்டு. தரக் கணக்கைச் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை கடுமையாக்குவார்கள். அப்போது பழைய ஐந்து நட்சத்திரம் புதிய கணக்கில் நான்காகவோ மூன்றாகவோ இறங்கிவிடும். ஐரோப்பாவில் ஏ-க்கு மேல் ஏ ப்ளஸ், ஏ ப்ளஸ் ப்ளஸ் என்று போய்க்கொண்டே இருந்து, கடைசியில் 2021 மார்ச்சில் எல்லாவற்றையும் கலைத்துவிட்டு ஏ முதல் ஜி வரை புதிதாக ஆரம்பித்தார்கள். முன்பு உச்சியில் இருந்த பல மாடல்கள் ஒரே நாளில் நடுவில் வந்து உட்கார்ந்தன. ஃப்ரிட்ஜ் மாறவில்லை, அளவுகோல் மாறியது. எனவே கிடங்கில் தங்கிப்போன பழைய சரக்கு தள்ளுபடியில் வந்தால் லேபிளில் உள்ள ஆண்டையும் பாருங்கள்.

லேபிளில் உள்ள எண் சோதனைக்கூடத்தில் எடுத்தது. வீட்டில் அதைவிடக் கூடலாம், குறையலாம். ஆனால் இரண்டு மாடலையும் ஒரே முறையில் சோதித்திருப்பதால் ஒப்பிடுவதற்கு நம்பலாம்.

இப்போது நான் எல்லோருக்கும் சொல்லிக்கொடுக்கும் கணக்கு. ஒரே அளவில் இரண்டு ஃப்ரிட்ஜ் பிடித்திருக்கிறது. ஒன்று ஆண்டுக்கு 240 யூனிட், இன்னொன்று 170. இரண்டாவது விலை கூடுதல். வித்தியாசம் ஆண்டுக்கு 70 யூனிட், பத்தாண்டுக்கு 700. விலையில் உள்ள வித்தியாசத்தை 700-ஆல் வகுங்கள். கிடைப்பது, நீங்கள் முன்பணமாக வாங்கும் ஒரு யூனிட்டின் விலை. அது உங்கள் கடைசிப் படிக் கட்டணத்தைவிடக் குறைவா? சிக்கனமான ஃப்ரிட்ஜை யோசிக்காமல் எடுங்கள். அதிகமா? விலை குறைந்ததை எடுத்துவிட்டு மீதிப் பணத்தைப் பையில் வையுங்கள். ஐந்து நட்சத்திரம்தான் எப்போதும் லாபம் என்று யாராவது சொன்னால் இந்த வகுத்தலைப் போட்டுக் காட்டச் சொல்லுங்கள்.

அளவும் வகையும்

பெரிய ஃப்ரிட்ஜுக்குச் சுவர்ப் பரப்பு அதிகம். சுவர் அதிகமானால் கசிவு அதிகம். பாதி காலியாகக் கிடக்கும் பெரிய பெட்டிக்கும் முழுக் கசிவுக்கான பில் வரும். இரண்டு மூன்று பேருக்கு 200 முதல் 250 லிட்டர், நான்கைந்து பேருக்கு 250 முதல் 350 லிட்டர் என்பது என் கணக்கு. வாரம் ஒருமுறை மொத்தமாக வாங்கி அடைப்பவர்களுக்குக் கூடுதலாக வேண்டியிருக்கும். தினமும் வாங்குபவர்களுக்குக் குறைவே போதும். விளம்பரத்தில் போடும் லிட்டர் மொத்தக் கொள்ளளவாக இருக்கலாம். உள்ளே வைக்க எத்தனை லிட்டர் என்பது லேபிளில் தனியாக இருக்கும். அதையே பாருங்கள்.

வகைக்கு வருவோம். டைரக்ட் கூல் என்னும் ஒற்றைக் கதவு ஃப்ரிட்ஜில் விசிறி இல்லை, ஐஸ் உருக்கும் ஹீட்டர் இல்லை. அதனால் பொதுவாகக் குறைந்த யூனிட். ஆனால் ஃப்ரீசரில் ஐஸ் படியும், நாம்தான் உருக்க வேண்டும். ஃப்ராஸ்ட் ஃப்ரீ வகையில் அந்த வேலையை ஒரு ஹீட்டர் அவ்வப்போது தானே செய்துகொள்ளும். குளிர்ப்பெட்டிக்குள் ஹீட்டர்! கேட்கவே வேடிக்கையாக இருக்கிறது, ஆனால் ஐஸ் மூடிய குழாய் சூட்டை இழுக்காது என்பதால் வேறு வழியில்லை. இரண்டு கதவு வகையில் ஃப்ரீசர் மேலே இருப்பது பெரும்பாலும் சிக்கனம். பக்கத்துக்குப் பக்கம் இரண்டு நீளக் கதவு உள்ளவை அதிகம் எடுக்கும். கதவிலேயே தண்ணீரும் ஐஸும் வரும் வசதி இருந்தால் இன்னும் கூடும். குளிர்க்காப்பு இருக்க வேண்டிய இடத்தில் ஓட்டை போட்டதற்கான விலை அது.

இன்வெர்ட்டர் கம்ப்ரசர் என்றால் என்ன என்று பலர் கேட்பதுண்டு. மின்வெட்டில் பேட்டரி ஓட்டும் இன்வெர்ட்டருக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. சாதாரண கம்ப்ரசருக்கு இரண்டே நிலை: முழு வேகம், அல்லது நிறுத்தம். இன்வெர்ட்டர் வகை தேவைக்கேற்ப வேகத்தைக் கூட்டிக் குறைக்கும். பெரும்பாலான நேரம் மெதுவாக, ஆனால் விடாமல் ஓடும். மெதுவாக ஓடும்போது குழாய்கள் சூட்டை நிதானமாக வாங்கிக் கொடுப்பதால் அதே வேலைக்குக் குறைந்த கரன்ட். சத்தமும் குறைவு. "எப்போது பார்த்தாலும் ஓடிக்கொண்டே இருக்கிறதே" என்று புதிதாக வாங்கியவர்கள் பயப்படுவார்கள். அதன் இயல்பே அதுதான். இன்வெர்ட்டரால் கிடைக்கும் மிச்சம் லேபிள் எண்ணுக்குள் ஏற்கனவே அடங்கிவிட்டது. கடைக்காரர் அதைத் தனியாக இன்னொரு முறை விற்கப் பார்ப்பார், ஜாக்கிரதை.

உள்ளே இருக்கும் கேஸ் எது என்றும் பாருங்கள். இப்போது வரும் ஃப்ரிட்ஜ்களில் பரவலாக இருப்பது ஆர்-600ஏ, அதாவது ஐசோபியூட்டேன். முன்பு இருந்த ஆர்-134ஏ கேஸ், கரியமில வாயுவைப்போல ஆயிரம் மடங்குக்கு மேல் பூமியைச் சூடாக்கக்கூடியது. ஐசோபியூட்டேன் ஒற்றை இலக்கம்தான். ஆனால் இது தீப்பற்றும். வீட்டு ஃப்ரிட்ஜில் இருப்பது சில பத்து கிராம் என்பதால் பயப்பட ஒன்றுமில்லை. பழுது பார்க்க மட்டும், இந்த கேஸில் பழகிய மெக்கானிக்கையே கூப்பிடுங்கள்.

வெக்கையான இடத்தில் இருப்பவர்கள் இன்னொன்றையும் தேட வேண்டும்: கிளைமேட் கிளாஸ். N என்ற எழுத்து இருந்தால் அறை வெப்பம் 32 டிகிரி வரை, ST என்றால் 38 வரை, T என்றால் 43 வரை தாங்கும்படி செய்தது என்று பொருள். கோடையில் 40-ஐத் தொடும் வீட்டில் N வகை ஃப்ரிட்ஜை வைத்தால் அது மூச்சு வாங்கிக்கொண்டே இருக்கும்.

வைக்கும் இடம்

வெளியே 32 டிகிரி, உள்ளே 4 டிகிரி என்றால் இடைவெளி 28. கசிந்து வரும் சூடு இந்த இடைவெளியைப் பொறுத்தது. அதே ஃப்ரிட்ஜை அடுப்புக்குப் பக்கத்தில் 38 டிகிரி மூலையில் வைத்தால் இடைவெளி 34. கசிவு ஐந்தில் ஒரு பங்கு கூடிவிட்டது. அதோடு, வெளியே சூடு அதிகமாக இருக்கும்போது சூட்டை வெளியே கொட்டுவதும் கடினம் என்பதால் கம்ப்ரசரின் திறனும் குறையும். கூடுதல் காசு கொடுத்து வாங்கிய நட்சத்திரத்தை அடுப்பு மூலையில் தொலைத்துவிடலாம். அடுப்பு, மேற்கு வெயில் விழும் ஜன்னல், இரண்டும் வேண்டாம்.

சுவரை ஒட்டித் தள்ளாதீர்கள். பின்னாலும் பக்கவாட்டிலும் மேலும் எவ்வளவு இடம் விட வேண்டும் என்று கையேட்டில் இருக்கும். இல்லாவிட்டால் நான்கு விரல் அகலமாவது விடுங்கள். புதிய மாடல்களில் கண்டென்சர் பக்கச் சுவருக்குள் இருப்பதால் தொட்டால் வெதுவெதுப்பாக இருக்கும். அது பழுது இல்லை. அந்தப் பக்கத்தில் திரையோ பையோ தொங்கவிட்டு மூடாமல் இருந்தால் சரி.

படுக்க வைத்துக் கொண்டுவந்திருந்தால், நிமிர்த்தி வைத்துச் சில மணி நேரம் கழித்தே சுவிட்சைப் போடுங்கள். கம்ப்ரசர் எண்ணெய் தன் இடத்துக்குத் திரும்ப வேண்டும். முன் காலைத் திருகிக் கொஞ்சம் உயர்த்திவிட்டால், கதவு தன் பாரத்தில் தானே மூடிக்கொள்ளும்.

ஸ்டெபிலைசர் தேவையா? மின்னழுத்தம் ஏறி இறங்கும் இடமென்றால் தேவை. ஆனால் பல புதிய ஃப்ரிட்ஜ்கள் குறிப்பிட்ட அளவு ஏற்ற இறக்கத்தைத் தாமே தாங்கும், கையேட்டைப் பாருங்கள். ஸ்டெபிலைசர் சும்மா இருக்கும்போதே 5 வாட் இழுத்தால் ஆண்டுக்கு 44 யூனிட். மேலே நட்சத்திரத்துக்காகக் கணக்குப் போட்டோமே 70 யூனிட், அதில் பாதிக்கு மேல் இதிலேயே போய்விடும். வாட் மீட்டர் கையில் இருக்கும்போதே இதையும் அளந்துவிடுங்கள்.

ஓட்டும் விதம்

கீழ் அறைக்கு 4 டிகிரி, ஃப்ரீசருக்கு மைனஸ் 18. இதைவிடக் குளிர் தேவையில்லை. 1 டிகிரிக்கு இறக்கினால் கசிவு பத்து சதவீதம் கூடும். ஃப்ரீசரை மைனஸ் 23-க்குத் தள்ளினாலும் அதே பத்து சதவீதம். திருகும் குமிழில் உள்ள 1 முதல் 7 வரையான எண்கள் டிகிரி அல்ல. எண் கூடினால் குளிர் கூடும், அவ்வளவுதான். ஒரு டம்ளர் தண்ணீரை நடுத்தட்டில் வைத்து, அதில் தெர்மாமீட்டரைப் போட்டு, மறுநாள் காலையில் பாருங்கள். அதற்கேற்ப ஒரு படி கூட்டவோ குறைக்கவோ செய்யுங்கள். கோடைக்கும் மழைக்காலத்துக்கும் குமிழ் ஒரே இடத்தில் இருக்க வேண்டும் என்பதில்லை.

சரி, கதவுக் கணக்கு. 250 லிட்டர் ஃப்ரிட்ஜில் அடங்கும் காற்றின் எடை வெறும் 300 கிராம். கதவைத் திறந்ததும் அது முழுக்க வெளியேறி, வெளிக்காற்று உள்ளே நிறைந்தாலும், அதைக் குளிர்விக்க ஆகும் கரன்ட் ஒரு யூனிட்டில் ஆயிரத்தில் மூன்று பங்கு. இதில் பாதிக்கு மேல் காற்றின் சூட்டுக்காகக் கூட இல்லை, புழுக்கமான காற்றில் உள்ள ஈரத்துக்காக. நாளைக்கு முப்பது முறை திறந்தாலும் ஆண்டுக்கு 30 யூனிட் சொச்சம். பாதி இடத்தைப் பொருட்கள் அடைத்திருப்பதால் நிஜத்தில் அதிலும் பாதி. பிள்ளைகளை அதட்டுவதை நிறுத்திக்கொள்ளலாம். முழுக்க மூடாமல் லேசாக விலகி நிற்கும் கதவுதான் ஆபத்து, ஏனென்றால் அது இரவு முழுக்கத் திறந்திருக்கும்.

சூடான பாத்திரத்தின் கணக்கைப் பாருங்கள். இரண்டு லிட்டர் அளவு ஏதோ ஒன்று, 80 டிகிரியில் உள்ளே போகிறது. அறைச் சூட்டுக்கு ஆறவிட்டு வைத்திருந்தால் ஏறக்குறைய 0.06 யூனிட் மிச்சமாகியிருக்கும். ஒரே பாத்திரம், இருபது முறை கதவு திறந்ததற்குச் சமம். அதற்காக மணிக்கணக்கில் வெளியே விட்டுக் கெட்டுப்போக விடாதீர்கள். இரண்டு மணி நேரத்துக்குள், வெக்கை அதிகமென்றால் ஒரு மணி நேரத்துக்குள் உள்ளே போய்விட வேண்டும். அகலமான பாத்திரங்களில் பிரித்து ஊற்றி, தண்ணீர் நிறைந்த தட்டில் வைத்தால் சீக்கிரம் ஆறும். மூடி வையுங்கள், திறந்த பாத்திரத்திலிருந்து எழும் ஈரம் ஐஸாகப் படிந்து குழாயை மூடும்.

கதவு ரப்பரைச் சோதிக்க ஒரு துண்டுக் காகிதம் போதும். கதவிடுக்கில் வைத்து மூடி, மெல்ல இழுங்கள். தடையே இல்லாமல் வந்தால் அந்த இடத்தில் பிடிப்பு இல்லை. சுற்றிலும் பத்துப் பதினைந்து இடத்தில் பாருங்கள். பாதி நேரம் குற்றவாளி பிசுக்குதான். சோப்புத் தண்ணீரில் துடைத்தால் சரியாகிவிடும். ரப்பர் விறைத்துப்போயிருந்தால் மாற்றுங்கள். ரப்பருக்காக ஃப்ரிட்ஜையே தூக்கிப்போட்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

பின்னால் கறுப்புக் கம்பி வலை தெரிகிற மாடல் என்றால் ஆண்டுக்கு இரண்டு முறை பிளக்கைப் பிடுங்கிவிட்டு, மெல்லிய தூரிகையால் தூசு தட்டுங்கள். டைரக்ட் கூல் ஃப்ரீசரில் ஐஸ் அரை சென்டிமீட்டர் கனத்தைத் தொட்டால் உருக்கிவிடுங்கள். கத்தியால் குத்தாதீர்கள், தயவுசெய்து. அந்த ஐஸுக்கு அடியில்தான் மெல்லிய அலுமினியக் குழாய் ஓடுகிறது. ஒரே குத்தில் கேஸ் போய்விடும், நீங்கள் அதுவரை சேமித்ததும் அதோடு போய்விடும்.

இரவில் அணைத்து வைத்தால் மிச்சமா என்று கேட்பவர்களுக்கு: உள்ளே சூடு ஏறும், காலையில் அதை வெளியேற்றக் கம்ப்ரசர் சேர்த்து ஓடும், நடுவில் உணவு கெடும். கெட்டுப்போன உணவின் மதிப்பு ஒரு மாத ஃப்ரிட்ஜ் பில்லையே தாண்டிவிடலாம். வேண்டாம்.

பழையதை என்ன செய்வது

இனி என் கதை. புதிய ஃப்ரிட்ஜ் வந்ததும் பழையதைக் கொடுக்க மனம் வரவில்லை. "ஓடுகிறதே, இருக்கட்டும், தண்ணீர் பாட்டிலுக்கு ஆகும்" என்று பின்னறையில் நிறுத்தினேன். இரண்டு மாதம் கழித்து பில்லைப் பார்த்தால் குறைவதற்குப் பதில் ஏறியிருக்கிறது. ஏறாமல் என்ன செய்யும்? முன்பு ஆண்டுக்கு 438. இப்போது 438-உம் 210-உம் சேர்ந்து 648. சிக்கனமான ஃப்ரிட்ஜ் வாங்கி, ஆண்டுக்கு 210 யூனிட் கூடுதலாகச் செலவழிக்க வழி செய்திருந்தேன். நான்கு பாட்டில் தண்ணீரைக் குளிர வைக்க 438 யூனிட்.

யாருக்காவது கொடுத்துவிடலாம் என்றும் தோன்றும். உங்கள் பில்லிலிருந்து கழியும் யூனிட் அவர்கள் பில்லில் ஏறும். அளந்த எண்ணைச் சொல்லிவிட்டுக் கொடுங்கள், பிறகு அவர்கள் முடிவு. ஓடவே ஓடாது என்றால் மின்னணுக் கழிவு எடுக்கும் அங்கீகாரம் பெற்றவர்களிடம் ஒப்படையுங்கள். இரும்புக்காக உடைப்பவர்கள் குழாயை வெட்டியதும் கேஸ் முழுக்கக் காற்றில் கலந்துவிடும். 1990-களின் நடுப்பகுதிக்கு முந்தைய பெட்டி என்றால் அதில் இருப்பது பெரும்பாலும் ஆர்-12, ஓசோன் படலத்தை அரிக்கிறது என்று 1987-இன் மான்ட்ரியல் உடன்படிக்கையின்கீழ் விலக்கப்பட்ட கேஸ்.

வண்டி வரும்வரை பழைய ஃப்ரிட்ஜ் வெளியே கிடக்குமானால் கதவைக் கழற்றித் தனியாக வையுங்கள். விளையாட்டுக்கு உள்ளே புகுந்த குழந்தைகள் கதவு மூடிக்கொண்டு மூச்சடைத்து இறந்திருக்கிறார்கள். கீலில் உள்ள இரண்டு திருகைக் கழற்ற ஐந்து நிமிடம்கூட ஆகாது.